மாரப்பனுக்கு ஒரு பொட்டலம்

மார்ஃபியஸ் என்பது கிரேக்கர்களின் கனவுத் தேவன் பெயர். கடல்துயர் ஆறுதல் மையத்தில் அந்தப் பெயரைப் பிசகாமல் உச்சரித்தவர் ஒரே ஒருவர், அதை வைத்த டாக்டர் அருளானந்தம். மற்றவர்களுக்கெல்லாம் அவன் மாரப்பன். "மாரப்பன் சூடாயிட்டான், ஏசியக் கூட்டு" என்பார் எலக்ட்ரீஷியன். "மாரப்பனுக்கு இன்னிக்கு மூணு வீடு" என்பார் பதிவேடு எழுதுகிற சபாபதி. ஆறடி உயரத்துக்கு பீரோ மாதிரி நின்று முனகிக்கொண்டிருந்த அந்த இயந்திரத்துக்கு இரண்டு தம்பிகளும் உண்டு. விலங்கும் பறவையுமாக வருகிறவன் ஐகெலோஸ். தண்ணீர், கல், வீடு, படகு என்று உயிரில்லாத பொருள்களாக வருகிறவன் ஃபாண்டசோஸ். ஐகெலோஸ் ஐயப்பன் ஆனான், ஃபாண்டசோஸ் வெறும் பாண்டி. டாக்டர் முதலில் கோபித்துக்கொண்டார், பிறகு காதில் விழாத மாதிரி இருக்கப் பழகிக்கொண்டார்.

அவர் ஏதென்ஸில் ஐந்து வருடம் மூளை நரம்பியல் படித்தவர். படிப்போடு அந்த ஊர் சாமிகளையும் கையோடு கூட்டிவந்துவிட்டார். வீடு வீடாகப் போய்வரும் பெண் அதிகாரிகளுக்கு அவர் வைத்த பெயர் ஐரிஸ். ஐரிஸ் வானவில்லின் தேவதை, தேவர்களின் ராணி ஹேரா சொல்லி அனுப்புவதைக் கீழே கொண்டுபோய்ச் சேர்ப்பவள். கொடுமுடியில் பிறந்து, காவிரியைத் தவிர வேறு தண்ணீரைக் கிட்டத்தில் பார்த்திராத மங்கையர்க்கரசிக்கு 'ஐரிஸ் 4' என்று அடையாள அட்டை கொடுத்தார்கள். குப்பத்து சனங்கள் அதுதான் அவள் பெயர் என்று நினைத்துக்கொண்டார்கள். கிறிஸ்துமஸ் அன்று இரண்டு பேர் போன் போட்டு வாழ்த்துச் சொன்னார்கள். மங்கை திருத்தவில்லை. எதிரில் இருப்பவர் சங்கடப்படுவதை அவளால் தாங்க முடியாது, அதற்காக எவ்வளவு சின்னப் பொய்யையும் எவ்வளவு பெரிய பொய்யையும் சொல்லிவிடுவாள்.

மையத்தின் வேலை இதுதான். கடல் முன்போல் இல்லை. புயல் எந்த மாதத்தில் வரும் என்று யாராலும் சொல்ல முடியவில்லை. போனவர்களின் உடம்புகூடக் கரைக்கு வருவதில்லை. படகு உடைந்ததையும் ஆட்கள் மூழ்கியதையும் கடலில் போட்ட மிதவைக் கருவிகள் பதிவு செய்யும், அதை வைத்து இறந்தது உறுதி என்று வீட்டுக்குத் தபால் போகும். தபாலை யார் நம்புவார்கள்? முகத்தைப் பார்க்காத சாவை எப்படி அழுது முடிப்பது? பெண்கள் பொட்டும் பூவுமாக வருடக்கணக்கில் வாசலைப் பார்த்துக் கிடந்தார்கள். அப்போதுதான் டாக்டருக்கு அந்த யோசனை வந்தது. செத்தவனே வந்து சொன்னால் என்ன?

போனில் மிச்சமிருக்கும் வீடியோ, குரல் செய்தி, கல்யாணப் படம் இவற்றையெல்லாம் கொடுத்தால் மாரப்பன் அந்த ஆளை உருவாக்கிவிடுவான். காதுக்குப் பின்னால் ஒட்டிக்கொண்டு படுக்கும் ஒரு வில்லை வழியாக விடியற்காலைக் கனவில் கொண்டுபோய் நிறுத்துவான். வந்தவன் நாலு வார்த்தை பேசுவான். நான் போய்விட்டேன், இனித் தேடாதே, உடம்பைப் பார்த்துக்கொள். முதல் வருடத்திலேயே நூற்றுக்கு எண்பது வீடுகளில் ஒரு மாதத்துக்குள் கருமாதி நடந்தது. அரசாங்கத்துக்குச் சந்தோஷம்.

தூக்கம் வருவதற்கு என்று சொல்லித்தான் வில்லையைக் கொடுத்தார்கள். சம்மதம் என்பது நிவாரண மனுவின் பதினோராம் பக்கத்தில் பொடி எழுத்தில் இருந்தது. கனவு போன மறுநாள் காலை ஐரிஸ் போவாள், ரத்த அழுத்தம் பார்ப்பாள், தூக்கம் எப்படி என்று விசாரிப்பாள். யாராவது சந்தேகப்பட்டால் சொல்ல வேண்டிய வாக்கியம் கையேட்டிலேயே இருந்தது. நாங்கள் எதையும் அனுப்புவதில்லை. மங்கை அதை ஐந்து வருடமாக, முந்நூறு வீடுகளில், வாய் கூசாமல் சொல்லியிருந்தாள்.

*

வெள்ளையாங்கரை பூங்கோதையின் புருஷன் வைரக்கண்ணு ஐப்பசிப் புயலில் போனவன். படகில் ஐந்து பேர். மற்ற நாலு வீட்டிலும் காரியம் முடிந்துவிட்டது. பூங்கோதை மட்டும் தினமும் காலை பத்து மணிக்கு மாவட்ட அலுவலகத்துக்குப் போய் வரவேற்பு மேஜைக்கு எதிரே உட்கார்ந்தாள். கத்தவில்லை, அழவில்லை. "இன்னிக்குத் தேடப் போயிருக்காங்களா?" என்று ஒரே கேள்வி. பதில் கிடைத்தாலும் கிடைக்காவிட்டாலும் நாலு மணிவரை உட்கார்ந்திருந்துவிட்டு பஸ் ஏறுவாள். நாலு மாதமாக இப்படி. கூச்சல் போடுகிறவர்களைச் சமாளிக்க அலுவலகத்துக்குத் தெரியும். சும்மா உட்கார்ந்திருப்பவளை என்ன செய்வது? மையத்துக்குக் கடிதம் வந்தது.

மாசி மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை முதல் கனவு போயிற்று. மறுநாள் காலை மங்கை அந்த வீட்டுக்குப் போனபோது வாசற்படிக்குப் பக்கத்தில் ஒரு எவர்சில்வர் குடம் நிறையத் தண்ணீர் இருந்தது. மேலே தட்டு போட்டு மூடியிருந்தது. ஊர்க் கிணறுகளெல்லாம் உப்பாகி வருடங்கள் ஆகிவிட்டன, மூன்று நாளைக்கு ஒரு தடவை லாரி வந்தால்தான் குடிக்கத் தண்ணீர். அதை இப்படி வெயிலில் வைப்பார்களா என்று மங்கை நினைத்தாள்.

பூங்கோதைக்கு முப்பத்து மூன்று, நான்கு வயது இருக்கும். கையை நீட்டிக் கொடுத்துவிட்டு, கருவியின் பட்டை புடைப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"தூக்கம் எப்படிங்க இருக்குது?"

"விடியக்கால ஒரு ஆளு வந்தாரு, மேடம். கனவுல."

"ஆளுன்னா?"

"பாக்க அவரு மாதிரியே இருந்தாரு. கொரலும் அவரு கொரலுதான். செத்துட்டேன், தேடாதன்னாரு. ஆனா அது அவரு இல்ல."

"எப்படிச் சொல்றீங்க?"

"கடல்லேருந்து வந்த காலோட நேரா வூட்டுக்குள்ள வந்துட்டாரு. பதினாலு வருசத்துல ஒரு நா அப்படி வந்ததில்ல. இந்தக் கொடத்துத் தண்ணிய நான் காலுல ஊத்தி, உப்பு போனதுக்கப்பறந்தான் படி ஏறுவாரு. எங்க குப்பத்துல எல்லாருமே அப்படித்தான். உப்புக் காலோட வூட்டுக்குள்ள வந்தா பின்னாடியே கடலும் வந்துரும்னு பயம். இந்த ஆளு கொடத்தத் திரும்பிக்கூடப் பாக்கல."

கொடுமுடிக்காரிக்கு இது புதுசு. கனவை அமைத்த ஆறு பேரில் ஒருவர்கூடக் கடற்கரையில் பிறந்தவர் இல்லை.

பூங்கோதை அவளை நேராகப் பார்த்தாள். "யாராச்சும் அனுப்பி வெச்சாங்களா, மேடம்?"

"நாங்க எதையும் அனுப்புறதில்லீங்க" என்றாள் மங்கை.

டாக்டரிடம் சொன்னபோது அவர் நெற்றியில் அடித்துக்கொண்டார். "இவ்வளவு வேலை பார்த்து ஒரு குடத்துல கோட்டை விட்டோமே. பாண்டிகிட்டச் சொல்லி வாசல்ல ஒரு குடம் வைங்க" என்றார். அவரே பாண்டி என்று சொன்னது அன்றுதான். மங்கை சிரித்தாள், அவரும் சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு, ஜன்னலைப் பார்த்துக்கொண்டு வேறு ஏதோ சொன்னார்.

"போன மாசம் எங்கப்பா கனவுல வந்தாரு, மங்கை. செத்து இருபது வருஷம் ஆச்சு. பக்கத்துல உக்காந்து, வேட்டியில கண்ணாடியத் தொடச்சிக்கிட்டே என்னமோ கேட்டாரு. எழுந்ததும் நான் என்ன பண்ணேன் தெரியுமா? நேரா ஆபீசுக்கு வந்து பதிவேட்டப் பார்த்தேன். நம்ம பசங்க யாராவது விளையாட்டுக்கு அனுப்பிட்டாங்களோன்னு."

"அனுப்பியிருந்தாங்களா?"

"இல்ல. ஆனா அவர் என்ன கேட்டாருங்கறது அதுக்குள்ள மறந்துபோச்சு."

மங்கை, டீ ஆறுகிறது என்று சொல்லிவிட்டு வெளியே வந்தாள்.

*

இரண்டாவது கனவு அடுத்த வாரம் புதன்கிழமை போயிற்று. மங்கை போனபோது பூங்கோதை டீ போட்டு வைத்திருந்தாள். மேடம் போய் அக்கா வந்திருந்தது.

"நேத்து சரியா வந்தாருக்கா. வாசல்ல நின்னாரு. வலது கால நீட்டுனாரு. ஊத்துனேன். அப்பறம் எடது காலு. அதுக்கப்பறந்தான் படி ஏறுனாரு."

மங்கையின் மனசு நிம்மதியாயிற்று. 'ஏற்றுக்கொண்டார்' என்ற கட்டத்தில் குறியிடப் பேனாவை எடுத்தாள்.

"எழுதாதீங்க" என்றாள் பூங்கோதை. குரலில் கோபம் இல்லை. "தண்ணி விசயத்த நான் ஒங்க ஒருத்தர்கிட்டதான் சொன்னேன். வேணும்னேதான் சொன்னேன். இன்னொரு தடவ வந்து தண்ணிக்கு நின்னாருன்னா அனுப்புறது நீங்கதான்னு உறுதியாயிரும்ல?"

"நாங்க எதையும் அனுப்புறதில்லீங்க, பூங்கோதை."

"அது இருக்கட்டும்க்கா. நான் சண்டைக்கு வரல. அவரு உசுரோட இல்லங்கறது எனக்குப் பொயலடிச்ச ரெண்டாம் நாளே தெரியும். கடக்கரையில பொறந்தவளுக்கு அதுகூடத் தெரியாதா?"

"அப்புறம் எதுக்குங்க தினமும் அங்க போய் உக்கார்றீங்க?"

பூங்கோதை டம்ளரைக் கீழே வைத்தாள். பிறகு சொன்னாள்.

வைரக்கண்ணு போன அன்று காலை அவர்களுக்குள் சண்டை. பூங்கோதையின் அண்ணன் மகளுக்கு மஞ்சள் நீராட்டு, மறுநாள் போக வேண்டும். தாய்வீட்டுச் சனம் முழுக்க வரும். அவன், வரமுடியாது, படகுக்கு ஆள் பத்தவில்லை என்றான். "எங்கண்ணன் வூட்டு விசேஷம்னா மட்டும் ஒனக்கு எங்கேருந்துதான் வேல வருமோ" என்று அவள் ஆரம்பித்தாள். அவன் சிரித்திருக்கிறான், அது இன்னும் ஆத்திரத்தைக் கிளப்பியது. "நீ வர வேணாம். எங்கயாச்சும் போய்த் தொல" என்றாள். கதவைச் சாத்திக்கொண்டாள். எப்போதும் வாசலில் நின்று பார்ப்பவள், அன்று பார்க்கவில்லை.

"புருசன் பொண்டாட்டி பேசிக்கறதுதான்னு எல்லாரும் சொல்லுவாங்க. எனக்கும் தெரியுது. ஆனா கடசியா அவரு காதுல விழுந்தது அதுதானக்கா. தேடிக்கிட்டு இருக்கறவரைக்கும் நான் சொன்ன சொல்லு பலிக்கலன்னு அர்த்தம். அதுக்குத்தான் போயி ஒக்காருறேன்."

மங்கையின் கண் நிறைந்துவிட்டது. அவளும் தன் புருஷனை வாரத்துக்கு நாலு தடவை அதே வார்த்தையில்தான் வைகிறாள். ராத்திரி அவன் வந்து சாப்பாடு என்ன என்று கேட்பான்.

"ரெண்டு தடவையும் அந்த ஆளு எங்கிட்டத் தேனா பேசுறாரு. அழுவாத, ஒடம்பப் பாத்துக்கங்கறாரு. எனக்கு அது வேணாம்க்கா. அவரு வந்து என்னத் திட்டணும். ஏண்டி அப்படிச் சொன்னன்னு கேக்கணும். கேட்டாத்தான எனக்கு ஆறும்? ஒரு தடவ, ஒரே ஒரு தடவ." அவள் மங்கையின் முழங்கையைத் தொட்டாள். "அவரு மாதிரிப் பேசுறாரே, அவரு பேரு என்னக்கா?"

"மாரப்பன்" என்று மங்கையின் வாயில் வந்துவிட்டது.

இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். பூங்கோதை தலையை மட்டும் ஆட்டினாள்.

"மாரப்பன் சார்கிட்டச் சொல்லுங்க. நல்லா திட்டச் சொல்லுங்க."

*

மூன்று கனவுக்கு மேல் யாருக்கும் கிடையாது. ஐந்து வரை போன ஒருத்தி, பகலிலும் எழுந்திருக்காமல் படுத்தே கிடந்து போய்ச் சேர்ந்ததிலிருந்து அந்த விதி. ஆகவே பூங்கோதைக்குப் பாக்கி இருந்தது ஒன்று.

மங்கை இரண்டு நாள் உட்கார்ந்து பதினொரு வரி எழுதினாள். அந்தக் கரையின் பேச்சை ஐந்து வருடம் காதில் வாங்கியிருந்ததால் திட்டு நன்றாக வந்தது. ஏண்டி, நான் என்ன கூத்தாடவா போனேன் என்று தொடங்கி, வாசலுக்குக்கூட வராம கதவச் சாத்துனியே, திரும்பித் திரும்பிப் பாத்துக்கிட்டே போனேன் தெரியுமா என்ற இடம்வரை வந்தபோது அவளால் எழுத முடியவில்லை. கழிவறைக்குப் போய் முகம் கழுவிக்கொண்டு வந்தாள். கடைசி வரியில், சரி விடு, போனது போச்சு என்று முடித்தாள். அந்தக் கடைசி வரி பூங்கோதையின் காதில் விழுந்துவிட வேண்டும், அதற்கு மேல் மங்கை உலகத்தில் யாரிடமும் எதையும் கேட்கவில்லை.

அடுத்த புதன்கிழமை மத்தியானம் டாக்டர் அதைப் படித்தார். இரண்டாம் தடவை கண்ணாடியைக் கழற்றிவிட்டுப் படித்தார்.

"நல்லா இருக்கு. அனுப்ப முடியாது."

"சார்."

"நீ சேர்றதுக்கு முன்னால ஒரு கனவு போச்சு, மங்கை. அண்ணன் தம்பி. எழுதினவன் ஒரு வரி, ஒரே ஒரு வரி, மனத்தாங்கல் மாதிரி எழுதிட்டான். தம்பிக்காரன் காலையில பூச்சி மருந்தக் குடிச்சிட்டான். மாரப்பன் குடுக்குறது முகமும் குரலும் நாலு வார்த்தையும்தான். மீதிய தூங்குறவங்க மனசு கட்டிக்குது. நீ பதினொரு வரி திட்டு குடுத்தா அந்தம்மா மனசு அத நூத்திப் பத்து வரியாக்கும். கடைசி வரி காதுல விழும்னு நீ எழுதிக் குடுப்பியா?"

மங்கையால் எழுதிக் கொடுக்க முடியாது.

"அதுவும் போக, அவங்களுக்குத் தெரிஞ்சுபோச்சு. தெரிஞ்சவங்களுக்கு அனுப்பக் கூடாதுன்னு சட்டம். கோப்ப மூடிட்டோம்னு மாவட்ட ஆபீசுக்கு எழுதிடறேன். தினம் போன் பண்றாங்க, அந்தம்மாவ அங்க வராம பண்ணுங்கன்னு." பேனாவால் பட்டியலில் அந்த ஊரை அடித்தார். "நாளைக்குக் காலையில ஏசிக்கு சர்வீஸ் வேற. சாயங்காலமே மொத்தத்தையும் நிறுத்தச் சொல்லிட்டேன்."

மங்கை எழுந்து போகவில்லை. வேலையில் சேர்ந்த அன்று அவர் எல்லோருக்கும் சொல்லும் கதை ஒன்று உண்டு. ராஜா சீக்ஸ் கடலில் போய் மூழ்குகிறான். அவன் மனைவி ஆல்சியோனிக்குத் தெரியாது, ஹேராவின் கோயிலில் தினமும் அவனுக்காக வேண்டுகிறாள். ஹேரா ஐரிஸைக் கூப்பிட்டுத் தூக்கத் தேவனின் குகைக்கு அனுப்புகிறாள். அங்கிருந்து மார்ஃபியஸ் புறப்பட்டு, ஈரம் சொட்டச் சொட்ட, செத்தவனின் முகத்தோடு அவள் கட்டிலருகே போய் நின்று உண்மையைச் சொல்கிறான். கதையை அங்கேயே நிறுத்திவிட்டு டாக்டர் வேலை நேரத்தைப் பற்றிப் பேச ஆரம்பிப்பார்.

"ஹேரா எதுக்கு சார் அனுப்புனா? பாவப்பட்டா?"

டாக்டர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டார். "இல்ல. செத்தவனுக்காகக் கும்பிடுற கை தன் பீடத்துல பட்டுக்கிட்டே இருக்கறது அவளுக்குப் பிடிக்கல."

"தீட்டு."

"அப்படித்தான்."

"மாவட்ட ஆபீஸ் மேஜை மாதிரி" என்றாள் மங்கை. "அந்தப் பொண்ணு என்ன ஆனா?"

"காலையில கடற்கரைக்கு ஓடுனா. உடம்பு மிதந்து வந்துச்சு. பார்த்துட்டுக் குதிச்சுட்டா. தேவர்கள் இரக்கப்பட்டு ரெண்டு பேரையும் மீன்கொத்தியா மாத்துனாங்க. அது முட்டைமேல உக்காந்திருக்கற ஏழு நாளும் கடல் அசையாதாம்."

"மார்ஃபியஸ்?"

"அவனப் பத்தி ஒண்ணும் இல்ல. வேலைய முடிச்சுட்டுத் திரும்பிப் போயிட்டான்."

*

வியாழக்கிழமை காலை முதல் பஸ்ஸில் மங்கை வெள்ளையாங்கரைக்குப் போனாள். பூங்கோதையிடம் உண்மையைச் சொல்லிவிடுவது என்று முடிவு பண்ணியிருந்தாள். ஆமாம், அனுப்பினது நாங்கள்தான். மூன்றாவது வராது. என்னால் முடியவில்லை, என்னை மன்னித்துக்கொள். வேலை போனால் போகட்டும்.

வீடு திறந்து கிடந்தது. வாசலில் குடம் கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தது. நாலு மாதமாக ஒரு நாளும் காலியாகாத குடம். உள்ளே கூப்பிட்டுப் பார்த்தாள், ஆள் இல்லை. காலையில் கடற்கரைக்கு ஓடினாள் என்று டாக்டர் சொன்னது மட்டும்தான் ஞாபகத்தில் இருந்தது. செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு மணலில் ஓடினாள். அவள் ஓடி வருடக்கணக்கு ஆகிறது.

பூங்கோதை அலைக்கு இந்தப் பக்கம், காய்ந்த மணலில் உட்கார்ந்திருந்தாள். அழுதிருந்தாள், ஆனால் அழுது முடித்திருந்தாள். படகுக் கயிறு கட்டும் கழிமேல் இரண்டு காக்கைகள்தான் இருந்தன.

"வாங்கக்கா. ஏன் இப்படி எரைக்குது? ஒக்காருங்க."

மங்கை மூச்சு வாங்கிக்கொண்டு உட்கார்ந்தாள். "பூங்கோதை, நான் ஒண்ணு சொல்லோணும்."

"நான் சொல்லிடறேன். நேத்து ராத்திரி வந்தாருக்கா."

மங்கை செருப்பைக் கீழே வைத்தாள்.

"வாசல்ல வந்து நின்னாரு. நான் கொடத்தத் தூக்கிக்கிட்டு வந்தேன். திட்டப்போறாருன்னு நெனச்சேன். ஊத்துறேன், ஊத்துறேன், ஒண்ணும் பேசல. அப்பறம் கையால தடுத்து, போதும், பாதிய குடிக்க வெச்சிக்க புள்ளன்னாரு." பூங்கோதை முந்தானையால் மூக்கைத் துடைத்தாள். "இத யாருக்கா ஒங்களுக்குச் சொன்னது? கல்யாணமான புதுசுல அப்படித்தான் சொல்லுவாரு. அப்பதான் கெணறு உப்பாயிருந்துச்சு. நானே மறந்துட்டேன். கொழுந்தனார விசாரிச்சீங்களா?"

"அப்புறம்?" என்றாள் மங்கை.

"அப்பறம் படியில ஒக்காந்துக்கிட்டு, ஒங்கண்ணன் வூட்டு விசேஷம் நல்லபடியா முடிஞ்சுதான்னு கேட்டாரு. நான் போவலன்னேன். போயிருக்கலாம்ல, புள்ள ஏங்கியிருக்கும்னாரு. அவ்வளவுதான். செத்துட்டேன், தேடாதன்னெல்லாம் சொல்லல. எழுந்து போயிட்டாரு. நான் வாசல்ல நின்னு, தெருமொன திரும்பறவரைக்கும் பாத்தேன்."

மங்கை எழுந்து பத்தடி தள்ளிப்போய் சபாபதிக்கு போன் போட்டாள். டாக்டர் மனசு மாறியிருப்பார், அவளிடம் சொல்லாமலே வேறு எழுதி அனுப்பியிருப்பார்.

"நேத்து ராத்திரி மாரப்பன் எங்கெங்க போனான், சபாபதி?"

"எங்கக்கா போறது? சாயங்காலம் அஞ்சு மணிக்கு ஆஃப் பண்ணது. ஏசிக்காரன் இப்பத்தான் வந்து பிரிச்சுப் போட்டிருக்கான். ஒரு வீடும் இல்ல."

"நல்லா பாருங்க. வெள்ளையாங்கரை."

"மெஷினே ஓடலங்கறேன்."

மங்கை திரும்பி வந்தாள். அவளுக்குச் சந்தோஷம்கூட வந்தது, இதைவிட நல்ல சேதி கொண்டுபோகிற ஐரிஸ் உண்டா என்று.

"பூங்கோதை, நேத்து நாங்க எதையும் அனுப்பலீங்க."

சொல்லும்போதே அந்த வாக்கியம் அவள் காதில் விழுந்தது.

பூங்கோதை சிரித்தாள். இவ்வளவு நாளில் அவள் சிரித்து மங்கை பார்த்ததில்லை. "தெரியும்க்கா. நீங்க அப்படித்தான சொல்லணும். ஒங்க வேல."

"இல்லீங்க. சத்தியமா. மொத ரெண்டும் நாங்கதான். ஒத்துக்கறேன். எழுதுனதே நாங்க. ஆனா நேத்து மெஷினே ஓடல. டாக்டர் நிறுத்திட்டாரு. பாதிய குடிக்க வெச்சிக்கன்னு அவர் சொல்லுவாருங்கறது எங்க யாருக்குமே தெரியாதுங்க. இது உங்களுக்கா வந்த கனவு."

பூங்கோதையின் முகம் ஒரு கணம் மாறியது. அவள் நம்பிவிடுவாள் என்று மங்கை நினைத்தாள். பூங்கோதை கடலைப் பார்த்து யோசித்தாள், உண்மையாகவே யோசித்தாள்.

"இல்லக்கா" என்றாள் கடைசியில். "எனக்கா வந்திருந்தா அவரு திட்டியிருப்பாரு."

நாலு மாதமாக தினமும் தன்னையே திட்டிக்கொண்டிருந்தவள் சொல்கிறாள். மூன்றாவதாகவும் ஒன்று இருக்கலாம், இயந்திரம் அனுப்பாமலும் தூங்குகிறவள் நினைக்காமலும் செத்தவரே வந்துபோவது. அதைச் சொல்ல மங்கைக்கு வாய் வரவில்லை. முந்நூறு வீட்டில் பொய் சொன்ன வாய் அது. முன்பெல்லாம் கனவில் ஒருத்தர் வந்தால் வந்தார் என்றுதான் அர்த்தம். அந்த அர்த்தத்தைக் கெடுத்தவர்களில் அவளும் ஒருத்தி.

"நீங்க திட்ட வெக்காதது நல்லதாப் போச்சு" என்றாள் பூங்கோதை, அவளைத் தேற்றுகிற மாதிரி. "நான்தான் கிறுக்குத்தனமா கேட்டுட்டேன். நீங்க படிச்சவங்க, எது சரின்னு ஒங்களுக்குத் தெரிஞ்சிருக்கு. பொய்யின்னாலும் நல்லா செஞ்சீங்க. அடுத்த வெள்ளிக்கெழம காரியம் வெச்சிரலாம்னு கொழுந்தனார்கிட்டச் சொல்லிட்டேன். நீங்களும் வாங்க."

"வர்றேங்க."

"இனிமே அந்த ஆபீசுக்குப் போவ மாட்டேன்."

காதுக்குப் பின்னால் இருந்த வில்லையைப் பிய்த்து மங்கையின் உள்ளங்கையில் வைத்தாள். வீட்டுக்கு நடந்தார்கள். உள்ளே போனவள் செய்தித்தாளில் கட்டிய ஒரு பொட்டலத்தோடு வந்தாள். எண்ணெய் ஊறி நூல் கட்டு இறுகியிருந்தது.

"வஞ்சிரக் கருவாடு. ஐப்பசிக்கு முன்னாடி அவரு புடிச்சாந்ததுல நான் போட்டது. இத மட்டும் எடுத்து வெச்சிருந்தேன். மாரப்பன் சார்கிட்டக் குடுங்கக்கா. மொத ரெண்டு தடவ எப்படியோ, நேத்து அவராவே வந்து நின்ன மாதிரி இருந்துச்சுன்னு சொல்லுங்க."

மங்கை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டாள். பஸ்ஸில் பக்கத்தில் இருந்தவர் மூக்கைச் சுளித்து நகர்ந்து உட்கார்ந்தார். மையத்துக்கு வந்ததும் அவள் நேராக இயந்திர அறைக்குப் போனாள். ஏசிக்காரர் வேலையை முடித்துவிட்டிருந்தார், இன்னும் மின்சாரம் கொடுக்கவில்லை. மாரப்பன் விளக்கு எதுவும் எரியாமல், வெறும் பீரோவாக நின்றான். சபாபதி பதிவேட்டை விரித்துக் காட்டினார். புதன்கிழமைக்கு நேரே கோடு போட்டிருந்தது.

"அது என்னக்கா கையில? வாசனை தூக்குதே" என்றார்.

"ஒருத்தருக்குக் குடுக்கச் சொல்லிக் குடுத்தாங்க."

"யாருக்கு?"

மங்கை பொட்டலத்தை மடியில் வைத்துக்கொண்டு அங்கிருந்த ஸ்டூலில் உட்கார்ந்தாள். அதை யாரிடம் கொண்டுபோய்க் கொடுப்பது என்று அவளுக்குத் தெரியவில்லை.